தாழ் போடாத கதவு

எல்லர்ஃபோர்டு, மில் லேன்
1712 ஏப்ரல் 7, திங்கள்

நகர மன்ற உறுப்பினரும் நீதிபதியுமான மாண்புமிகு கேலப் ரட்லி அவர்களுக்கு,

தங்கள் அக்கா பேஷன்ஸ் எழுதுவது. நினைவிருக்கிறதல்லவா? தங்கள் வீட்டுக்கு நாலு தெரு தள்ளி, நம் சபை கூடும் கூட்ட வீட்டின் பின்னறையில் பிள்ளைகளுக்கு எழுத்துச் சொல்லிக்கொடுக்கும் விதவை. அப்பா எனக்குப் ‘பொறுமை’ என்று பெயர் வைத்தார். பெயர் வைத்ததோடு சரி, அது என்னிடம் வந்து சேரவே இல்லை.

நேற்றும் அதற்கு முந்தின ஞாயிறும் கூட்டத்தில் தங்கள் இடம் காலி. வாசலில் நிற்கும் சைலஸ் டிரான்டர், “கேலப் வந்துருவான், கொஞ்சம் தள்ளி உக்காருங்க”ன்னு இரண்டு வாரமாக எல்லோரையும் நெருக்கி உட்காரவைத்துவிட்டு, கூட்டம் முடியும்வரை அந்த வெறும் பலகையைப் பார்த்துக்கொண்டு நின்றார். வெள்ளிக்கிழமை நான் தங்கள் வீட்டுக்கு வந்தேன். லெட்டிஸ் கதவைப் பாதி திறந்து, “அவரு வெளிய போயிருக்காரு அண்ணி” என்றாள். மாடியில் தாங்கள் இருமியது எனக்கு நன்றாகக் கேட்டது.

போதும், ‘தாங்கள்’ என்று எழுதி எழுதிக் கை வலிக்கிறது. கேலப், இதைக் கேள். வருஷத்துக்கு ஒரு முறை நீ அரசாங்கத்தாரின் மேட்டுச் சர்ச்சுக்குப் போய்ப் பாதிரியார் முன்னால் முழங்காலிட்டு ரொட்டியும் ரசமும் வாங்கிவந்தாய். அந்தச் சான்று இல்லாமல் நகர மன்றத்தில் உட்கார முடியாது என்றாய். நான் வாய் திறக்கவில்லை. மற்ற ஞாயிறெல்லாம் எங்களோடு மேஜையைச் சுற்றி உட்கார்ந்து கைமாற்றி ரொட்டி வாங்கிக்கொண்டாயே, அது போதும் என்று என்னை நானே ஏமாற்றிக்கொண்டேன். இப்போது லண்டனில் புதுச் சட்டமாம். பதவியில் இருப்பவன், வீட்டாரைத் தவிரப் பத்துப் பேருக்கு மேல் கூடுகிற நம் கூட்டத்தில் காணப்பட்டால் அபராதம், பதவியும் போய்விடும். போகட்டுமே! அப்பாவுக்கு எது போகாமல் இருந்தது?

அவர் முதல் முறை சிறையிலிருந்து வந்த வாரமே நம் சமையலறை மேஜையைத் தூக்கிக் கூட்டத்துக்குக் கொடுத்தார். இன்றும் திருவிருந்துக்கு அதைச் சுற்றித்தான் உட்காருகிறோம். விரிப்புக்குக் கீழே, ஓரத்தில், நீ பல் முளைக்கும்போது கடித்த தடம் இருக்கிறது. நேற்று என் விரல் அதில்தான் போய் நின்றது.

வருவாயா மாட்டாயா, ஒரு வார்த்தை எழுது.

பேஷன்ஸ்

*

ஹை ஸ்ட்ரீட்
1712 ஏப்ரல் 9

அன்புள்ள அக்கா,

மாடியில் இருமியது நான்தான். உன் முகத்தைப் பார்த்து இதைச் சொல்ல எனக்குத் தைரியம் இல்லை, அதனால்தான் இறங்கி வரவில்லை.

நான் வரமாட்டேன். கோபப்படுமுன் முழுவதையும் படி. அப்பாவைச் சிறையில் தள்ளியது யார்? மன்றத்தில் ஒரு நாற்காலியில் உட்கார்ந்திருந்த ஒரு நீதிபதி. வீட்டில் ஐந்து பேருக்கு மேல் ஜெபம் செய்தார்கள் என்று யாரோ காசுக்கு உளவு சொன்னான், அந்த நீதிபதி கையெழுத்துப் போட்டான். இன்று அந்த நாற்காலியில் நான் உட்கார்ந்திருக்கிறேன். உளவு சொல்கிறவன் என்னிடம்தான் வந்து சொல்ல வேண்டும். நான் எழுந்தால் பாதிரியார் வின்ஸ்லேட்டின் மைத்துனன் அந்த இடத்தில் உட்காருவான். அவன் உட்கார்ந்த முதல் வாரம் உன் பள்ளிக்கூடம் இருக்குமா, சொல்.

நீங்கள் எல்லாம் நிம்மதியாக உட்கார வேண்டும் என்பதற்காகத்தான் நான் உங்களோடு உட்காராமல் இருக்கிறேன். இதை மோசம் என்று நீ சொல்லலாம். சிறையில் காய்ச்சல் வந்து சாவது மட்டும்தான் பக்தி என்றால், அந்தப் பக்தி எனக்கு இல்லைதான்.

பத்துப் பேர் வரை சட்டம் கண்டுகொள்ளாது. ஞாயிறு மாலை என் வீட்டிலேயே ஜெபம் வைக்கிறேன். நீ வா, சைலஸையும் கூட்டி வா. லெட்டிஸ் வாத்து வறுக்கிறாள்.

உன் தம்பி,
கேலப்

*

மில் லேன்
1712 ஜூன் 19

கேலப்,

நேற்றைய சபைக் கூட்டத்தில் உன் பெயரை வாசித்தார்கள். வேறு யாராவது ஒன்றுக்கு இரண்டாகச் சொல்லிவைப்பதற்கு முன்னால் நானே எழுதிவிடுகிறேன்.

போதகர் ஹாக்ஸ்வெல் எழுந்து நின்று, “நம்ம சகோதரன் ஊர் பெரியவங்களோட உறவு வேணும்னு ஆண்டவரோட மேஜைய விட்டுட்டுப் போயிட்டான். அவன விலக்கணும்னு நெனைக்கிறவங்க கை தூக்குங்க” என்றார். சைலஸ் வாசலிலிருந்தே, “சின்ன வயசுலேர்ந்து நம்ம மடியில வளந்தவன். இன்னும் ஒரு மாசம் குடுங்களேன்” என்றார். உடனே அவர் மனைவி ஜூடித், “குடுத்த மாசம் எல்லாம் பத்தாதா? தொட்டில் கட்டி ஆட்டணுமா அவன?” என்றாள். சிலர் சிரித்தார்கள். நான் சிரிக்கவில்லை.

நம் சபையில் பெண்கள் கையும் எண்ணப்படும், உனக்குத் தெரியும். என் கையும் எண்ணப்பட்டது. நான் தூக்கினேன். தூக்கும்போது உன் வீட்டு வாத்து வாசனை ஞாபகம் வந்தது, அதனால் இன்னும் உயரத் தூக்கினேன். கையைத் தூக்காதவர் சைலஸ் ஒருவர்தான்.

விலக்கப்பட்டவனோடு ஒரே மேஜையில் சாப்பிடக் கூடாது என்பது சபையின் கட்டுப்பாடு. ஆகவே உன் வீட்டுச் சாப்பாடு இனி எனக்கு வேண்டாம். சலவைக்காரி ஹெஸ்டர் உன் வீட்டிலிருந்து கொண்டுவந்த பன்றித்தொடையைத் திருப்பி அனுப்பப் பார்த்தேன். அவள், “நீங்களும் வேணாங்கறீங்க, அவரும் திரும்பி வாங்கமாட்டாரு. நான் மேட்டுச் சர்ச்சுக்காரி, என் சாமி கறிக்கெல்லாம் கோவிச்சுக்காது” என்று கூடையில் போட்டுக்கொண்டாள். அவளாவது வயிறாரச் சாப்பிடட்டும்.

பேஷன்ஸ்

*

ஹை ஸ்ட்ரீட்
1714 ஜூலை 14

அக்கா,

இரண்டு வருஷமாக நீ எனக்கு ஒரு வரி எழுதவில்லை. தெருவில் என்னைப் பார்த்தால் கடைக்குள் நுழைந்துவிடுகிறாய். போன மாதம் என்னைத் தவிர்ப்பதற்காகக் கருமான் பட்டறைக்குள் போனாய். உனக்குக் கருமானிடம் என்ன வேலை?

இருக்கட்டும். பள்ளிக்கூடச் சட்டம் நிறைவேறிவிட்டது. ஆகஸ்டு முதல் தேதியிலிருந்து, பிஷப்பின் அனுமதிச் சீட்டு இல்லாமல், சர்ச்சில் முழங்காலிட்டதற்குச் சான்று இல்லாமல் யாரும் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லக் கூடாது. மீறினால் மூன்று மாதச் சிறை. பாதிரியார் வின்ஸ்லேட் சட்டம் அமலுக்கு வரும்வரைகூடப் பொறுக்கவில்லை. உன் பெயரைச் சொல்லி மன்றத்தில் புகார் வைத்துவிட்டார். “அந்த ரட்லிக் கெழவன் பொண்ணு நாப்பது புள்ளைங்களுக்கு ராஜத் துரோகம் கத்துக்குடுக்குறா” என்று என் எதிரிலேயே சொன்னார். நான் யார் என்பது அவருக்கு மறந்தே போய்விட்டது. அல்லது நன்றாக ஞாபகம் வைத்துக்கொண்டுதான் சொன்னாரோ என்னவோ.

அந்தப் புகாரை நான்தான் விசாரிக்க வேண்டும். நான் விசாரிக்கவில்லை. வரிசையில் கடைசிக்குத் தள்ளியிருக்கிறேன். எவ்வளவு நாள் தள்ள முடியும் என்று தெரியாது. அதுவரை பிள்ளைகளை இரண்டு மூன்று பேராகப் பிரித்து வீடு வீடாக வைத்துச் சொல்லிக்கொடு.

நான் அந்த நாற்காலியில் உட்கார்ந்திருப்பது எதற்கு என்று உனக்குச் சந்தேகம் இருந்ததே. இதற்குத்தான்.

கேலப்

*

மில் லேன்
1714 ஆகஸ்டு 6

கேலப்,

பிரிக்கவில்லை. நாற்பது பேரும் ஒரே அறையில்தான் உட்கார்ந்திருந்தார்கள்.

சட்டம் அமலுக்கு வந்த அதே ஞாயிறு காலையில் ராணி இறந்துபோனாள் என்ற செய்தியைச் செவ்வாய்க்கிழமை குதிரைக்காரன் கொண்டுவந்தான். சைலஸ், “ஆண்டவர் கடைசி நிமிஷம் வரைக்கும் காத்திருந்து நம்ம கழுத்துக் கயித்தக் கத்திரிச்சாரு பாரு” என்று அழுதார். ஒருத்தியின் சாவுக்கு நன்றிச் சங்கீதம் பாடக்கூடாது என்று எனக்குத் தெரியும். ஆனாலும் பாடினேன். ஜெர்மனியிலிருந்து வருகிற ராஜா நம் பக்கம் சாய்வாராம், இனி அந்தச் சட்டத்தை யாரும் தொடமாட்டார்களாம். உன் கட்சிக்காரர்களும் இனி மேலே வருவார்கள். சந்தோஷமாக இரு.

புகாரைத் தள்ளிவைத்தாய். அது எனக்குத் தெரியாமல் இல்லை. நன்றி சொல்ல வேண்டும் என்றும் தெரிகிறது. வாய்தான் வரமாட்டேன் என்கிறது. நீ என்னைக் காப்பாற்றியது உண்மை. ஆனால் நீ அவர்கள் மேஜையிலிருந்து கையை நீட்டிக் காப்பாற்றுகிறாய். அது என் தொண்டையில் இறங்கவில்லை.

ஒன்று கேட்கிறேன். ஊரில் பேச்சு சரியில்லை. மதுக்கடையில் ராஜர் கிப்ஸ் என்கிற கசாப்புக்காரன், “ஜெர்மன்காரன் வரட்டும், வட்டத்தலையனுங்க கூட்ட வீட்டுல விறகு நெறைய இருக்கு” என்று சொல்லிக்கொண்டிருக்கிறானாம். அப்பா காலத்திலிருந்து நம்மை வட்டத்தலையர்கள் என்று திட்டுகிறார்கள், அது பழகிவிட்டது. விறகுப் பேச்சு புதிது. அவர்கள் ஒருநாள் வருவார்கள். அன்றைக்கு நீ வருவாயா? புகாரைத் தள்ளிவைப்பது, கடிதம் எழுதுவது இதெல்லாம் இல்லை. நீ, உன் உடம்போடு, எங்கள் வாசலுக்கு வருவாயா?

பேஷன்ஸ்

*

ஹை ஸ்ட்ரீட், மேயர் இல்லம்
1715 ஜூன் 20

அன்புள்ள அக்கா,

உன் கேள்விக்குப் பத்து மாதமாக நான் பதில் எழுதவில்லை. மேயர் ஆன பிறகு எழுதலாம் என்று காத்திருந்தேன், ஆன பிறகு வேலை என்று சாக்குச் சொன்னேன். இப்போது சாக்குக்கு இடம் இல்லை. பக்கத்து ஊர்களில் கூட்ட வீடுகளை இடித்துக்கொண்டிருக்கிறார்கள். இரண்டு ஊர்களில் பலகைகளைத் தெருவில் போட்டுக் கொளுத்திவிட்டார்கள்.

வருவேன். மேயரின் வெள்ளைக்கோலோடும் ஊர்க்காவலர்களோடும் வருவேன். உன் வாசலில் நிற்பேன்.

ஆனால் ஒன்றைக் கவனி. கூட்டம் நடக்கும்போது கதவைத் தாழ் போடாதே. நமக்குக் கூட்டம் நடத்த அனுமதி கொடுத்த சட்டமே அதைச் சொல்கிறது. கதவு பூட்டியோ தாழ் போட்டோ இருந்தால் அது அனுமதிக்கப்பட்ட கூட்டம் இல்லை, சதிக்கூட்டம். சுவரில் அப்பாவின் அந்த இரும்புத் தாழ் இன்னும் தொங்குகிறது என்று கேள்விப்பட்டேன். அவர் காலத்தில் கூட்டமே தடை, அதனால் தாழ் இல்லாமல் ஜெபம் இல்லை. இன்று அதை நீங்கள் தூக்கிக் குறுக்கே போட்டால், பாதிரியாரின் ஆட்கள் அன்றே மன்றத்தில் நின்று, “பாத்தீங்களா, உள்ள பூட்டிக்கிட்டு என்ன பண்ணாங்களோ” என்பார்கள். சட்டத்துக்கு வெளியே போனவர்களைக் காக்க எனக்கு அதிகாரம் இல்லை. கதவைச் சாத்தி மட்டும் வையுங்கள். அவர்கள் வந்தால் உடனே ஹெஸ்டரை என்னிடம் அனுப்பு. மீதியை என்னிடம் விடு.

கேலப்

*

மில் லேன்
1715 ஜூன் 22

கேலப்,

உன் கடிதத்தைச் சபையில் வாசித்தேன். ஜூடித், “கதவத் தொறந்து வெச்சிட்டுத் திருடனுக்கு விருந்து வைக்கணுமாக்கும்” என்றாள். சைலஸ் அவளை அடக்கி, “கேலப் சொன்னா சரியாத்தான் இருக்கும். அவன் வருவான்” என்றார். ஆணியிலிருந்து தாழைக் கழற்றிப் பின்னறையில் வைத்துவிட்டோம்.

சட்டத்தை மீறாதவர்கள் நாம். ராஜா மாறினாலும், சட்டம் நம் கழுத்தை நெரித்தாலும், அதன் கடைசி எழுத்துவரைக்கும் பிடித்துக்கொண்டு நிற்போம். அதில் நமக்கு ஒரு கர்வமும் உண்டு. பார்ப்போம்.

பேஷன்ஸ்

*

மேயர் இல்லம்
1715 ஜூலை 11

அக்கா,

நீ எப்படி இருக்கிறாய்? நெற்றியில் ரத்தம் என்று ஹெஸ்டர் சொல்கிறாள். ஆழமான காயமா? வைத்தியரை அனுப்பினேன், நீ உள்ளே விடவில்லையாம். சைலஸ் எப்படி இருக்கிறார்? நினைவு திரும்பியதா?

நான் வந்தேன். நேற்று ஹெஸ்டர் ஓடிவந்து சொன்ன உடனே வந்தேன். நீ ஜன்னல் வழியாக என்னைப் பார்த்தாய் என்று எனக்குத் தெரியும். நான் ஏன் அப்படிச் செய்தேன் என்பதை அதை மட்டும் வைத்து முடிவு கட்டாதே. முந்நூறு பேர் குடித்திருந்தார்கள். காவலர்கள் நான்கு பேர், அதில் இரண்டு பேர் அவர்களோடு சேர்ந்து கத்திக்கொண்டிருந்தார்கள். அவர்களைப் பேச்சால் நிறுத்த வேண்டும் என்றால் முதலில் அவர்கள் என் பேச்சைக் கேட்க வேண்டும். அதற்காகத்தான்.

சைலஸ் எப்படி இருக்கிறார் என்று மட்டுமாவது எழுது.

கேலப்

*

மில் லேன்
1715 ஜூலை 15

கேலப்,

சைலஸ் எப்படி இருக்கிறார் என்று கேட்டாய். இன்று காலை அவரை அடக்கம் செய்தோம்.

நீ வெளியிலிருந்து பார்த்தது மட்டும்தான் உனக்குத் தெரியும் என்பதால் உள்ளே நடந்ததை எழுதுகிறேன். பிற்பகல் கூட்டம். போதகர் ஜெபம் பண்ணிக்கொண்டிருந்தார். தெருக்கோடியில் தகரம் அடிக்கிற சத்தமும், “சர்ச் வாழ்க! வட்டத்தலையன் ஒழிக!” என்ற கூச்சலும் கேட்டது. பிள்ளைகளை மேஜைக்குக் கீழே தள்ளினோம். பின்னறைக்கு ஓடி அப்பாவின் தாழைத் தூக்கிவந்தது ஜூடித். “சட்டம் கெடக்கட்டும், போடுங்க இத!” என்றாள். கதவின் இரு பக்கமும் அதைத் தாங்கும் கொக்கிகள் அப்படியே இருந்தன. போட்டிருந்தால் அந்த ஓக் கதவை உடைக்க அவர்களுக்கு ஒரு மணி நேரமாவது பிடித்திருக்கும்.

அவள் கையைப் பிடித்தது நான். “போடாதீங்க! மேயர் சொல்லியிருக்காரு. தாழ் போட்டா அவரால ஒண்ணும் பண்ண முடியாது. அவன் வந்துட்டான், அதோ நிக்கிறான்!” என்று கத்தினேன். உண்மையிலேயே நீ நின்றாய். எதிர்ப்பக்கத்தில், ரொட்டிக்கடை வாசலில், வெள்ளைக்கோலோடு. உன்னைப் பார்த்ததும் என் மனம் எப்படிப் பொங்கியது தெரியுமா? மூன்று வருஷக் கசப்பும் அந்த ஒரு நிமிஷத்தில் கரைந்துபோனது. இவ்வளவு நாள் இவனைத் தப்பாக நினைத்துவிட்டோமே என்று எனக்கு வெட்கமாக இருந்தது.

பிறகு ராஜர் கிப்ஸ் உன் எதிரில் வந்து நின்றான். ஜன்னல் திறந்துதான் இருந்தது, ஒவ்வொரு வார்த்தையும் கேட்டது. “மேயர் ஐயா, நீங்க அவனுங்க ஆளா, எங்க ஆளா? அவனுங்க ஆளுன்னா ரோட்டத் தாண்டி உள்ள போங்க, நாங்களும் பாக்குறோம்!”

ரோட்டைத் தாண்ட வேண்டும். அவ்வளவுதான், கேலப். நீ வந்து வாசலில் முதுகைச் சாய்த்து நின்றிருந்தால் போதும்.

நீ தொப்பியைக் கழற்றினாய். “நான் சர்ச்சுக்காரன்பா” என்றாய். அவன், “அப்ப எங்ககூடக் கத்துங்க!” என்றான். நீ கத்தினாய். “சர்ச் வாழ்க!” உன் குரல் எனக்குத் தெரியாதா? சின்ன வயதில் சந்தையில் என்னைத் தொலைத்துவிட்டு, “அக்கா! அக்கா!” என்று கத்திய அதே குரல். அவர்கள் உன்னைத் தோளில் தட்டினார்கள். ஒருவன் உன் கையில் பியர்க் குவளையைத் திணித்தான். அப்புறம் எல்லோரும் எங்கள் பக்கம் திரும்பினார்கள். மேயரே கூட இருக்கிறார், இனி என்ன பயம்?

கதவைத் தள்ளியதும் திறந்துகொண்டது. தாழ் இல்லாத கதவுக்கு சைலஸ்தான் தாழாக நின்றார். அவர் வயதுக்கு எவ்வளவு நேரம் நிற்க முடியும்? கடைசியாக அவர் சொன்னது, “கேலப் வந்துருவான், கொஞ்சம் பொறுங்க.” அவர் உன்னைப் பார்க்கவில்லை, கதவுக்கு முதுகு கொடுத்து நின்றார். அந்த மட்டில் ஆண்டவர் அவருக்கு இரக்கம் காட்டினார்.

அப்பாவின் மேஜையைத் தெருவுக்குத் தூக்கிப்போய் எரித்தார்கள். நீ அந்த நெருப்புக்குப் பக்கத்தில்தான் நின்றாய். உன் பல் தடம் இருந்த பலகை எது என்று உனக்குத் தெரிந்ததா?

இனி எனக்கு எழுதாதே.

பேஷன்ஸ்

*

மேயர் இல்லம்
1715 செப்டம்பர் 16

அக்கா,

எழுதாதே என்றாய். இரண்டு மாதம் எழுதவில்லை. இதைப் படிக்காமல் எரித்தாலும் சரி.

நான் என்ன நினைத்தேன் என்று சொல்கிறேன், அதற்கு நீ என்ன பெயர் வைத்தாலும் ஏற்றுக்கொள்கிறேன். ராஜர் கிப்ஸ் ரோட்டைத் தாண்டச் சொன்னபோது எனக்கு அவன் மேல் பயம் இல்லை. சர்ச் வாசலில் பாதிரியார் வின்ஸ்லேட் நின்று பார்த்துக்கொண்டிருந்தார். நான் உன் வாசல்படியில் கால் வைத்தால், பத்துப் பேருக்கு மேல் இருந்த கூட்டத்தில் மேயர் காணப்பட்டான் என்று அவர் அன்றே சத்தியம் செய்வார். கோல் போகும். கோல் போனால் நாளை உங்களை யார் காப்பது? அக்கா, உண்மையாகவே அந்த நேரத்தில் என் தலைக்குள் ஓடியது இதுதான். நாளைக்கு உங்களைக் காப்பதற்காக இன்றைக்குக் காக்காமல் நின்றேன்.

ராஜாவின் ஆட்கள் இடிந்த கூட்ட வீடுகளுக்கு ஈடு கொடுக்கப்போகிறார்கள். நம் ஊர் விண்ணப்பத்தில் முதல் கையெழுத்து என்னுடையது. புதுக் கூரை வரும், புது மேஜை வரும். ராஜர் கிப்ஸ் சிறையில் இருக்கிறான். இதெல்லாம் நான் பதவியில் இருந்ததால்தான் நடந்தது. இதைச் சொன்னால் நீ இன்னும் கோபப்படுவாய், ஆனாலும் இது உண்மை.

இந்த மாதம் இருபத்தொன்பதாம் தேதி என் மேயர் காலம் முடிகிறது. கோலை அடுத்தவர் கையில் கொடுத்துவிட்டு, மன்றத்திலிருந்தும் சத்தமில்லாமல் விலகிவிடுகிறேன். அதற்கு அடுத்த ஞாயிறு கூட்டத்துக்கு வருகிறேன். எல்லோர் முன்னாலும் நின்று சொல்ல வேண்டியதைச் சொல்கிறேன். என்னைத் திரும்பச் சேர்ப்பார்களா? நீ கை தூக்குவாயா?

எனக்கு வீட்டில் சாப்பாடு இறங்கவில்லை அக்கா. லெட்டிஸ் எதிரில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருக்கிறாள். யாரோடும் ஒரு மேஜையில் உட்கார்ந்த மாதிரியே இல்லை.

கேலப்

*

மில் லேன்
1715 செப்டம்பர் 21

கேலப்,

எரிக்கவில்லை. படித்தேன். ஜூடித்துக்கும் வாசித்துக் காட்டினேன். அவள் எழுந்துபோய்ப் பாத்திரம் கழுவினாள்.

கோலைக் கீழே வைத்த பிறகு வருகிறாயாம். வருவதற்கு ஒரு பைசா நஷ்டமும் இல்லாத முதல் ஞாயிற்றைத் தேடிக் கண்டுபிடித்திருக்கிறாய். சந்தை கலைகிற நேரம் பார்த்து விலை கேட்க வருகிறவனைப் போல வராதே, தம்பி. சைலஸ் நின்ற இடத்தில் வந்து நிற்கிறவன் அப்படி வரக்கூடாது.

வருவதானால் இந்த ஞாயிறு வா. இருபத்தைந்தாம் தேதி. உன் கையில் கோல் இருக்கும் கடைசி ஞாயிறு அது. கோலோடு வா. எங்களுக்குக் கூரை இல்லை, பாய்மரத் துணியைக் கட்டியிருக்கிறோம். பலகைகள் இல்லை, பீப்பாய்கள் மேல் உட்காருகிறோம். பத்துப் பேருக்கு மேலேயே இருப்போம், எண்ணிப் பார்த்துக்கொள். பாதிரியார் வின்ஸ்லேட் தெருமுனையில் நிற்பார், அவர் எல்லா வாரமும் நிற்கிறார். முன்வரிசையில் ஜூடித் இருப்பாள். நீ முதலில் அவள் முகத்தைப் பார்த்துப் பேச வேண்டும், அப்புறம்தான் எங்கள் முகம். என் கை அன்று எந்தப் பக்கம் போகும் என்று எனக்கே தெரியாது. உனக்கு நான் பொய் சொல்லப்போவதில்லை.

அந்த வீட்டில் முழுசாக மிஞ்சியது கதவு ஒன்றுதான். அதை அவர்கள் உடைக்கவே வேண்டியிருக்கவில்லை. ஞாயிறு அது சாத்தியிருக்கும், தாழ் போட்டிருக்காது. அதுதான் சட்டம். அதற்கு வேறு அர்த்தம் எடுத்துக்கொள்ளாதே.

பேஷன்ஸ்

*

ஹை ஸ்ட்ரீட்
1715 செப்டம்பர் 25, மாலை

அக்கா,

வந்தேன். கோலோடுதான் வந்தேன். பாதிரியார் தெருமுனையில் நின்றார், என்னைப் பார்த்துத் தொப்பியைத் தொட்டார். நான் அவரைத் தாண்டி வந்துவிட்டேன். இதை நீ நம்ப வேண்டும்.

வழியெல்லாம் ஒன்றையே வேண்டிக்கொண்டு வந்தேன். கதவு தாழ் போட்டிருக்க வேண்டும் என்று. போட்டிருந்தால், நான் வந்தேன், அவர்கள்தான் விடவில்லை என்று என் வாழ்நாள் முழுக்கச் சொல்லிக்கொண்டிருக்கலாம். கையை வைத்தேன். திறந்துகொண்டது. நீங்கள் சங்கீதம் பாடிக்கொண்டிருந்தீர்கள். முன்வரிசையில் ஜூடித்தின் கறுப்புச் சால்வை தெரிந்தது. அவள் பக்கத்தில் ஒரு பீப்பாய் காலியாக இருந்தது.

கதவை மெல்லச் சாத்திவிட்டு வந்துவிட்டேன். யாராவது கேட்டால் காற்று என்று சொல்லிவிடு.

கேலப்

*

மில் லேன்
1715 செப்டம்பர் 26

கேலப்,

நேற்றுக் காற்றே அடிக்கவில்லை. எல்லோரும் திரும்பிப் பார்த்தோம்.

பேஷன்ஸ்